ஹேடிஸ்: பல ஆண்டுகள் ஆடிய பிறகும் அலுக்காத பாதாளம்

கிரேக்கப் புராணத்தைக் கையிலெடுக்கும் வீடியோ விளையாட்டுகள் பெரும்பாலும் தெய்வங்களையும் அரக்கர்களையும் வெட்டி வீழ்த்துவதற்கென்றே வரிசையில் நிறுத்துகின்றன. 2005இல் தொடங்கிய காட் ஆஃப் வார் வரிசையின் மூன்றாம் பாகத்தில், கதாநாயகன் கிரேட்டோஸ் சூரியதேவன் ஹீலியஸின் தலையைப் பிய்த்தெடுத்து அதையே கைவிளக்காகப் பிடித்துக்கொண்டு நடக்கிறான். அந்தப் பிரம்மாண்டத்தை நானும் ரசித்திருக்கிறேன். ஆனால் முடித்தபின் மீண்டும் தொடவில்லை. சூப்பர்ஜயன்ட் கேம்ஸ் நிறுவனம் 2018 டிசம்பரில் முன்னோட்டமாகவும் 2020 செப்டம்பரில் முழுமையாகவும் வெளியிட்ட ஹேடிஸ் மட்டும் இன்றுவரை என் கணினியில் இருக்கிறது. அதன் தெய்வங்களோடும் அரக்கர்களோடும் சண்டையிடுவதைவிடப் பேசுவதற்காகவே நான் திரும்பத் திரும்பப் போகிறேன்.

பாதாள அரசன் ஹேடிஸின் மகன் ஜாக்ரியஸ் தந்தையின் மாளிகையிலிருந்து தப்பி மேலுலகம் போக முயல்கிறான் என்பதே கதை. டார்ட்டரஸ், அஸ்ஃபொடல், இறந்த வீரர்கள் சேரும் எலிசியம், ஸ்டிக்ஸ் கோயில் என நான்கு அடுக்குகளைக் கடக்க வேண்டும். எங்கே இறந்தாலும் மாளிகையின் இரத்தக் குளத்திலிருந்து எழுந்து முதலிலிருந்து தொடங்க வேண்டும். வாசலில் நிற்கும் உறக்கத்தின் தெய்வம் ஹிப்னாஸ் கையிலுள்ள பட்டியலைப் பார்த்து, இம்முறை எதனிடம் செத்தாய் என்பதை வாசித்துக் காட்டி, அடிபடாமல் பார்த்துக்கொள் என்ற ரீதியில் உதவாத அறிவுரை ஒன்றையும் வழங்குவான். சற்றுமுன் நம்மைச் சவுக்கால் அடித்துக் கொன்ற, பழிவாங்கும் தெய்வங்களில் ஒருத்தியான மெகேரா, உள்ளே ஓய்வறை மேசையில் மதுக்கோப்பையுடன் உட்கார்ந்திருப்பாள். ஏற்கெனவே பாதாளத்தில் இருப்பவர்களுக்குச் சாவு ஒரு முடிவாக இருக்க முடியாது என்ற எளிய உண்மையை விளையாட்டின் இயக்கமாகவே மாற்றியிருக்கிறார்கள். தோற்றுத் திரும்பும்போதுதான் புதிய பேச்சு கிடைக்கிறது என்பதால், தோல்வியின் எரிச்சல் வெகுவாகக் குறைந்துவிடுகிறது.

ஒலிம்பஸ் தெய்வங்கள் வழியெங்கும் வரங்களை அனுப்புகிறார்கள்: ஜீயஸ் இடியை, பொசைடன் அலையை, டெமீட்டர் உறைபனியை. சில அறைகளில் இரு தெய்வங்களின் வரங்கள் அருகருகே வைக்கப்பட்டிருக்கும். ஒன்றை எடுத்தால், ஒதுக்கப்பட்ட தெய்வம் கோபித்துக்கொண்டு அந்த அறை முடியும்வரை நம்மைத் தாக்கும். பிழைத்துவிட்டால் எதுவும் நடக்காததுபோல் தன் வரத்தையும் தரும். வேட்டைத் தெய்வம் ஆர்ட்டெமிஸை மட்டும் வணங்கிக் காதல் தெய்வம் அஃப்ரோடைட்டியைப் புறக்கணித்து, அவள் கோபத்தால் மாண்ட ஹிப்போலிட்டஸின் கதையை அறிந்தவர்களுக்கு, இந்த ஒரே அறைக்குள் கிரேக்கத் தெய்வங்களின் குணம் முழுவதும் அடங்கியிருப்பது தெரியும். ஒருவரை மதிப்பதே இன்னொருவரை அவமதிப்பதாகிவிடும் உலகம் அது.

அரக்கர்களில் என்னை அதிகம் கவர்ந்தவன் மினோட்டார். புராணத்தில் அவனைக் கொன்ற வீரன் தீசியஸும் கொல்லப்பட்ட அவனும் இப்போது எலிசியத்தின் அரங்கில் ஒரே அணியில் நிற்கிறார்கள். தீசியஸ் வாய் ஓயாமல் தற்பெருமை பேசி, கூட்டத்தைப் பார்த்துக் கையசைத்து, பாதி உயிர் போனதும் தெய்வங்களைத் துணைக்கு அழைக்கும் ஒரு கோமாளி. காளைத்தலை கொண்டவனோ ஆஸ்டீரியஸ் என்ற தன் இயற்பெயருடன், அளந்து பேசும் கண்ணியமான வீரனாக வருகிறான். தன்னைத் தேடி வந்து எலிசியத்தில் இடம் வாங்கித் தந்தவன் தீசியஸ்தான் என்பதால், அந்தக் கோமாளிமீது அவனுக்கு நன்றியும் இருக்கிறது. எது அரக்கத்தனம் என்ற கேள்வியை ஒரு வசனம்கூட நேரடியாக எழுப்பாமலேயே இந்தச் சண்டை எழுப்பிவிடுகிறது.

மூலக் கதைகளோடு விளையாட்டு கொண்டுள்ள உறவும் நுட்பமானது. ஜாக்ரியஸை ஹேடிஸின் மகனாகக் காட்டும் குறிப்பு பண்டைய கிரேக்க நாடகாசிரியர் எஸ்கிலஸின் அழிந்துபோன நாடகமொன்றின் துணுக்கில் காணப்படுகிறது. பாடகன் ஆர்ஃபியஸின் பெயரால் வழங்கும் ஆர்ஃபிக மரபோடு தொடர்புடைய கதைகளிலோ அவன் டைட்டன்கள் என்ற பழைய தெய்வங்களால் கிழித்தெறியப்பட்டு, மதுவின் தெய்வம் டயனைசஸாக மீண்டும் பிறப்பவன். இந்த முரணை எழுத்தாளர்கள் மறைக்கவில்லை. டயனைசஸும் ஜாக்ரியஸும் சேர்ந்து, தாங்கள் இருவரும் ஒருவரே என்று ஆர்ஃபியஸிடம் கதை கட்டிவிட, அவன் அதை நம்பிப் பாட்டே எழுதிவிடுகிறான்! ஒரு புராணக் குழப்பத்தைக் குடும்பக் கேலியாக்கிய இந்த இடத்தில் வாய்விட்டுச் சிரித்தேன்.

கதையை முன்கூட்டி அறிய விரும்பாதவர்கள் இந்தப் பத்தியைத் தாண்டிச் செல்லலாம். தந்தையை வென்று மேலே போனாலும் தாய் பெர்ஸிஃபனியுடன் ஜாக்ரியஸால் சில நிமிடங்களே இருக்க முடிகிறது. உடல் தாங்காமல் மீண்டும் பாதாளத்துக்கே வந்துவிடுகிறான். பத்து முறை தப்பிய பிறகுதான் கதையின் முக்கிய முடிச்சு அவிழ்கிறது. ஆண்டுதோறும் இரு உலகங்களுக்கிடையே போய்வரும் பெர்ஸிஃபனியின் பழைய கதைக்கு இதைவிடப் பொருத்தமான ஆட்டவடிவம் எனக்குத் தோன்றவில்லை.

நீண்ட நாள் பயன்பாட்டில் தேய்ந்துபோகும் பகுதிகளும் உண்டு. அறைகளின் வரிசை மாறினாலும் அடுக்குகளின் வரிசை மாறுவதில்லை. எலும்பு ஹைட்ரா என்ற பல தலைப் பாம்புடனான சண்டை சீக்கிரமே சடங்காகிவிட்டது. நட்பை வளர்க்க நெக்டார் என்ற தெய்வ பானப் புட்டிகளைச் சேர்த்துச் சேர்த்துக் கொடுப்பதும், ஒரே ஒரு புதிய வசனத்துக்காகப் பல ஆட்டங்கள் காத்திருப்பதும் பொறுமையைச் சோதிக்கின்றன. முதல் வெற்றிக்குப் பின் திறக்கும், ஆட்டத்தை நாமே கடினமாக்கிக்கொள்ளும் தண்டனை ஒப்பந்தம் இதற்கு ஓரளவு மாற்று. அதில் எதிரித் தலைவர்களைக் கடுமையாக்கும் நிபந்தனையைத் தேர்ந்தெடுத்தால் தீசியஸ் தேரில் ஏறி வருவான். அந்தச் சண்டை முற்றிலும் புதிதாகிவிடும்.

கைவேகம் குறைந்தவர்கள் தயங்காமல் காட் மோட் என்ற எளிதாக்கும் வசதியை இயக்கிக்கொள்ளலாம். தொடக்கத்தில் நமக்கு நேரும் சேதத்தை 20 சதவீதம் குறைக்கும் அது, ஒவ்வொரு சாவுக்கும் 2 சதவீதம் கூடி 80 வரை போகும். கதையில் எதுவும் குறையாது. 2025 செப்டம்பரில் முழு வடிவம் பெற்ற இரண்டாம் பாகத்தில் ஜாக்ரியஸின் சகோதரி மெலினோயி காலத்தின் டைட்டன் குரோனஸை எதிர்க்கிறாள். பரப்பிலும் ஆயுத வகையிலும் அது பெரியது. ஆனாலும் புதிதாக வருபவர்கள் முதல் பாகத்தை முடித்துவிட்டு அதற்குப் போவதே நல்லது. இந்தக் குடும்பத்தில் யாருக்கு யார்மேல் என்ன மனத்தாங்கல் என்று தெரியாமல் இரண்டாவதைத் தொடங்கினால் பாதி உரையாடல் பிடிபடாது.