புத்தம் புதிதாக ஒரு பழைய கேசட்

பள்ளி விடுமுறைக்கு அக்கா மகன் பட்டர்வொர்த்திலிருந்து வந்திருந்தான். அலமாரியில் கிடந்த என் பழைய கேம் பாய் அட்வான்ஸை, அதாவது நின்டெண்டோவின் கையடக்க விளையாட்டுக் கருவியை, தூசி தட்டிக் கையில் கொடுத்தேன். கருவி இருந்தது, அதில் செருகி விளையாடும் கேசட் இல்லை. அதற்காகத்தான் பினாங்கில் கொம்தார் கோபுரத்துக்குப் பக்கத்தில் ஒரு மாடிக் கடைக்குப் போனேன். கடையின் பெயரை எழுதவில்லை. அங்கே நடந்ததை மட்டும் எழுதுகிறேன்.

கண்ணாடி அலமாரியில் மெடாபாட்ஸ் விளையாட்டு, மெட்டபீ என்ற ரோபோவின் பெயரிலான பதிப்பு. வண்டு, விலங்கு வடிவ ரோபோக்கள் மோதிக்கொள்ளும் அந்தக் கார்ட்டூனைப் பார்த்து வளர்ந்தவன் நான். (கார்ட்டூனுக்கு முன்பே, 1997இல், ஜப்பானில் விளையாட்டுதான் முதலில் வந்தது. இதைச் சொன்னால் என் நண்பர்கள் இன்றும் நம்புவதில்லை.) தலை, இரண்டு கைகள், கால்கள் என நான்கு பாகங்களையும் மாற்றி மாற்றிப் பூட்டிச் சண்டைக்கு அனுப்பலாம். விலை 180 வெள்ளி (ரிங்கிட்).

"அசல்தான் அண்ணா, கண்ணை மூடிக்கொண்டு வாங்குங்கள்" என்றார் கடைக்காரர். மூடிக்கொண்டுதான் வாங்கினேன். அந்த விளையாட்டு ஆங்கிலத்தில் 2003இல் வந்தது. இருபது ஆண்டுகளைக் கடந்த அட்டைப் பெட்டி ஒரு மூலைகூட மழுங்காமல், நேற்று அச்சிட்டதுபோல் மின்னியது. அப்போதே யோசித்திருக்க வேண்டும்.

மூன்று நாள் பையன் சோறு தண்ணீர் மறந்து விளையாடினான். நான்காம் நாள் காலை, "மாமா, என் மெட்டபீயைக் காணோம்" என்று வந்து நின்றான். சேமித்து வைத்த ஆட்டம் அடியோடு அழிந்திருந்தது. சரி, பையன் எதையாவது அழுத்தியிருப்பான் என்று அவனையே கடிந்துகொண்டேன்; அது என் தவறு. மறுபடி முதலிலிருந்து ஆடினான். இரண்டே நாளில் மறுபடி அழிந்தது.

பிறகுதான் கேசட்டைத் திருப்பிப் பார்த்தேன். அசல் கேசட்டின் ஒட்டுத்தாளை வெளிச்சத்தில் சாய்த்தால், அதில் சின்ன எண் ஒன்று அழுத்திப் பதிக்கப்பட்டிருப்பது தெரியும். இதில் இல்லை. கீழ்ப்பக்கத் திறப்பில், தங்க நிறத் தகடுகளுக்கு மேலே நின்டெண்டோ பெயர் இருக்க வேண்டும். அதுவும் இல்லை. மூன்று கிளை உள்ள திருகாணி மட்டும் சரியாக இருந்தது, ஆனால் அதைப் போலி செய்பவர்களும் போடுகிறார்கள்; அதை நம்பாதீர்கள். கழற்றினால் உள்ளே சில்லு இருக்க வேண்டிய இடத்தில் கறுப்புப் பசைத் திட்டு. ஓரத்தில், சேமித்த ஆட்டத்தை அழியாமல் வைத்திருக்கும் ஒரு பொத்தான் மின்கலம், பற்றவைத்த இடம் பாதி விட்டுப்போய் ஆடிக்கொண்டிருந்தது. பையனின் மூன்று நாள் உழைப்பு அந்த ஆட்டத்தில்தான் போயிருக்கிறது.

கடைக்குத் திரும்பினேன். "அண்ணா" காணாமல் போயிருந்தது. "நீங்கள் திறந்துவிட்டீர்கள், நான் என்ன செய்வது?" என்றார். சுவரில் ஒட்டியிருந்த 'விற்ற பொருள் திரும்பப் பெறப்படாது' என்ற தாளை விரலால் காட்டினார். அந்தத் தாளுக்குப் பயப்படாதீர்கள். மலேசியாவின் 1999ஆம் ஆண்டு பயனீட்டாளர் பாதுகாப்புச் சட்டம் நமக்குத் தரும் உரிமையைக் கடைக்காரர் ஒரு தாளை ஒட்டிப் பறித்துவிட முடியாது. அசல் என்று சொல்லி விற்றால் அது அசலாக இருக்க வேண்டும். பயனீட்டாளர் நடுவர் மன்றத்தில் மனுக் கட்டணம் 5 வெள்ளிதான், வழக்கறிஞர் வேண்டாம், 50,000 வெள்ளி வரை கோரலாம். நல்லவேளையாக ரசீது என்னிடம் இருந்தது. முதலில் அவர் அதைத் தர மனமில்லாமல்தான் எழுதினார். "அசல்" என்ற சொல்லையும் நான் கேட்டு எழுத வைத்திருந்தேன். ஏன் கேட்டேன் என்று இன்றும் எனக்குப் புரியவில்லை.

ரசீதை மேசைமேல் வைத்து, மனுப் படிவம் எங்கே கிடைக்கும் என்று அவரிடமே கேட்டேன். சிறிது நேரம் கைத்தொலைபேசியைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு 180 வெள்ளியை எண்ணி வைத்தார். ஐம்பது வெள்ளித் தாள் ஒன்று கிழிந்திருந்தது, அதையும் மாற்றி வாங்கினேன்.

படியிறங்கும் முன் திரும்பிப் பார்த்தேன். அதே கேசட்டைத் துணியால் துடைத்து, அதே பெட்டிக்குள் போட்டு, அதே கண்ணாடி அலமாரியில் மெட்டபீ முகம் வெளியே தெரியும்படி நிறுத்திக்கொண்டிருந்தார்.