கிருஷ்ணகிரியில் டச்சு ஓவியம் பிரிண்ட் போடப் போகிறீர்களா? கடையில் இதைச் சொல்லுங்கள்

முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பெங்களூரு சாலையில் நான் பிரிண்ட் போட்ட கடையின் வேலை நன்றாக இருக்கிறது, தாராளமாகப் போகலாம். ஆனால் இரண்டு விஷயத்தில் விட்டுக்கொடுக்காதீர்கள்: கேன்வாஸ் வேண்டாம், படத்தை "பளிச்" ஆக்கவும் வேண்டாம். இந்த இரண்டையும் அழுத்திச் சொன்னால் 17-ஆம் நூற்றாண்டு ஓவியம் அதன் மரியாதை கெடாமல் நம் வீட்டுச் சுவருக்கு வரும். சொல்லாவிட்டால் காசு தண்டம்.

படத்தை எங்கே எடுப்பது என்று யோசிக்கவே வேண்டாம். நெதர்லாந்தின் ஆம்ஸ்டர்டாமில் இருக்கும் ரைக்ஸ்மியூசியம் என்ற அருங்காட்சியகம் 2012-லிருந்து தன் இணையதளத்தில் ரைக்ஸ்ஸ்டுடியோ என்ற பகுதியில் தன் ஓவியங்களைப் பெரிய அளவில் இலவசமாக இறக்கிக்கொள்ள விட்டிருக்கிறது. எவ்வளவு பெரிய மனது பாருங்கள், ஒரு பைசா கேட்பதில்லை, பெரிதாக்கிப் பார்த்தால் தூரிகை இழுத்த தடம் வரைக்கும் தெரிகிறது. இந்தச் சேவைக்கு நூற்றுக்கு நூறு. ஒன்று மட்டும், கடையில் வழக்கம்போல "வாட்ஸ்அப்ல அனுப்புங்க" என்பார்கள், அனுப்பாதீர்கள், அதில் போட்டோவாகப் போனால் படம் சுருங்கிவிடும். பென் டிரைவில் கொண்டுபோய் மூலக் கோப்பையே கொடுங்கள்.

நான் முதலில் எடுத்தது வில்லெம் ஹேடா என்ற டச்சு ஓவியர் 1635-ல் வரைந்த படம். யாரோ சாப்பிட்டுவிட்டு எழுந்துபோன மேசை, அவ்வளவுதான். கசங்கிய வெள்ளைத் துணி, கவிழ்ந்து கிடக்கும் வெள்ளிக் கிண்ணம், பாதி தோல் சீவிய எலுமிச்சை, சிப்பிகள், நடுவில் தங்க முலாம் பூசிய கோப்பை ஒன்று. மற்றபடி முழுப் படமும் சாம்பலும் பழுப்பும்தான். ஹார்லெம் ஊரில் ஹேடாவும் பீட்டர் கிளாஸ் என்ற இன்னொரு ஓவியரும் வேண்டுமென்றேதான் வண்ணத்தை இப்படி அடக்கினார்கள். வண்ணம் அடங்கினால்தான் வெள்ளி ஒரு மாதிரியும் வெள்ளீயம் ஒரு மாதிரியும் கண்ணாடி இன்னொரு மாதிரியும் வெளிச்சத்தைத் திருப்பித் தருவது கண்ணுக்குப் படும். அந்த வெள்ளீயத் தட்டுகளைப் பாருங்கள், ரசம் வைக்கிற ஈயச் சொம்பின் அதே மங்கல் பளபளப்பு. ஒயின் ஊற்றிய கண்ணாடிக் கோப்பையில் எதிரே இருக்கும் ஜன்னல் கட்டம் கட்டமாகத் தெரியும். படத்தில் வராத அறையை அந்தக் கோப்பைக்குள் வைத்திருக்கிறார் மனிதர்.

இதை முதலில் வேறொரு கடையில் கொடுத்தேன். பெயர் வேண்டாம். கேட்காமலே பிரைட்னஸையும் கலரையும் ஏற்றி, பளபளக்கிற லேமினேஷனும் போட்டுக் கொடுத்துவிட்டார்கள். எலுமிச்சை மஞ்சள்தூள் நிறத்துக்குப் போய்விட்டது, பின்சுவரின் சாம்பல் பச்சையாகத் திரும்பிவிட்டது, கோப்பைக்குள் இருந்த ஜன்னல் வெறும் வெள்ளைப் புள்ளி. டியூப்லைட் போட்டால் லைட்டுதான் தெரிகிறது, படம் தெரியவில்லை. எனக்கு அழுகையே வந்துவிட்டது, ஏனென்றால் ஹேடா எதற்காக அவ்வளவு பாடுபட்டாரோ அதைத்தான் சரியாகப் பார்த்து அழித்திருந்தார்கள்.

பெங்களூரு சாலைக் கடையில் இருந்த தம்பியும் "ரொம்ப டல்லா இருக்கே அக்கா, கொஞ்சம் ஏத்திடட்டுமா?" என்றுதான் ஆரம்பித்தார். ஆனால் கேட்டார், அதுதான் வித்தியாசம். திரையில் அந்த ஜன்னலைப் பெரிதாக்கிக் காட்டி, "இது போகாம வரணும் தம்பி" என்றதும் புரிந்துகொண்டார். ஒரு சின்னத் துண்டை மட்டும் முதலில் டெஸ்ட் பிரிண்ட் எடுத்து வாசல் வெளிச்சத்தில் வைத்துப் பார்க்க விட்டார். கறுப்புப் பகுதி கொஞ்சம் அடைத்துக்கொண்டு வந்தது, சரிசெய்து இன்னொரு துண்டு போட்டார். முகம் சுளிக்கவில்லை.

அப்புறம் கேன்வாஸ் விஷயம். பழைய ஓவியம் என்றாலே கேன்வாஸ்தான் என்று கடைக்காரர்கள் நினைக்கிறார்கள், அதில் விலையும் கூட. ஆனால் ஹேடாவின் இந்தப் படம் மரப்பலகையில் வரைந்தது, பரப்பு வழுவழு என்று இருக்கும். கேன்வாஸில் போட்டால் அசலில் இல்லாத துணி நெசவு மேலே ஏறிக்கொண்டு நுணுக்கத்தை எல்லாம் தின்றுவிடும். பளபளக்காத, கனமான மேட் பேப்பர் கேளுங்கள், போதும்.

சின்னப் படம் போதும் என்பவர்களுக்கு நான் கைகாட்டுவது ஆட்ரியான் கோர்ட்டே 1697-ல் வரைந்த ஆஸ்பராகஸ் என்ற காய்கறிக் கட்டு. இருட்டுப் பின்னணி, கல் திண்டின் விளிம்பு, அதன்மேல் ஒரு கட்டு வெள்ளைத் தண்டுகள், வேறு எதுவுமே கிடையாது. மிடில்பர்க் நகர ஓவியர் சங்கத்தில் சேராமல் படம் விற்றதற்காக அபராதம் கட்டியவர் இவர். பிறகு உலகமே மறந்துபோய், 1950-களில் லாரன்ஸ் போல் என்ற ஆய்வாளர் மீட்டுக் கொண்டுவந்தார். அசலே 25 செ.மீ. உயரம்தான், ஆகவே அசல் அளவிலேயே போடலாம், அப்படித்தான் போட வேண்டும். அதுவும் காகிதத்தில் வரைந்து பலகையில் ஒட்டியது, மேட் பேப்பர் அதற்கென்றே செய்தது மாதிரி பொருந்துகிறது. தண்டுக்குள் வெளிச்சம் ஊறி நிற்பது பிரிண்டிலும் வந்திருக்கிறது! செலவும் மிகக் குறைவு.

பிளெமிஷ் பக்கம், அதாவது இன்றைய பெல்ஜியம் பக்கம், போக விரும்பினால் ஆன்ட்வெர்ப்பின் பெண் ஓவியர் கிளாரா பீட்டர்ஸ், தி ஹேக் நகரின் மாரிட்ஸ்ஹாய்ஸ் அருங்காட்சியகத்தில் இருக்கும் பாலாடைக்கட்டிப் படம். வெள்ளிக் கத்தியின் பிடியில் தன் பெயரைப் பொறித்திருக்கிறார், ஜாடி மூடியில் தன் முகத்தைக் குட்டியாகப் பிரதிபலிக்க விட்டிருக்கிறார். அந்த முகம் தெரிகிறதா என்று பார்த்தே பிரிண்டை வாங்குங்கள். எனக்கு வந்தது.

பிரேம் மட்டும் அந்தக் கடையில் வேண்டாம். இருப்பது எல்லாம் தங்க நிறப் பூவேலை பீடிங். பழையபேட்டையில் சாமி படம் பிரேம் போடுகிற பெரியவரிடம் கொடுத்து, அகலமான கறுப்பு மரச்சட்டம் கேட்டு வாங்கினேன், பிரிண்டுக்கு ஆனதைவிட அதற்குத்தான் அதிகம் ஆனது. கண்ணாடி வேண்டாம் என்றதற்கு அவர் லேசில் சம்மதிக்கவில்லை, தூசி ஏறும் என்றார். அது உண்மைதான், உலர்ந்த துணியால் லேசாகத் தட்டிவிட வேண்டும், ஈரத்துணி படக்கூடாது. ஜன்னலுக்கு எதிர்ச்சுவரிலும் மாட்டாதீர்கள், நம் ஊர் வெயிலுக்கு பிரிண்ட் மை சீக்கிரம் வெளுத்துவிடும்.