‘லயனெஸ்’ தொடர்: நட்பே ஆயுதமாகும்போது

2023 ஜூலையில் பாரமவுண்ட் பிளஸ் தளத்தில் வெளிவந்த ‘ஸ்பெஷல் ஆப்ஸ்: லயனெஸ்’ தொடரைத் துப்பாக்கிச் சண்டைகளுக்காகப் பார்க்கத் தொடங்குபவர்களை அதன் தொடக்கமே உலுக்கிவிடுகிறது. சிரியாவில் தீவிரவாதிகளின் வளாகத்துக்குள் வேடமிட்டுப் புகுந்திருக்கும் பெண்ணின் உடலில் பச்சை குத்தப்பட்டிருக்கும் சிலுவையால் அவள் யாரென்று அம்பலமாகிறது. அவள் உயிரோடு சிக்கினால் நேரப்போகும் சித்திரவதையை எண்ணி, அவளை அனுப்பிய, அமெரிக்க உளவு அமைப்பான சிஐஏவின் அதிகாரி ஜோ, அவள் இருக்கும் இடத்தின் மீதே ஏவுகணை வீச உத்தரவிடுகிறாள். ஜோவாக நடித்திருக்கும் ஸோயி சல்டானாவின் முகத்தில் அந்த முடிவின் சுமை முதல் பருவத்தின் எட்டுப் பகுதிகளிலும் தங்கியிருக்கிறது.

டெய்லர் ஷெரிடன் உருவாக்கிய இத்தொடரில், நெருங்க முடியாத ஆண்களை அவர்கள் வீட்டுப் பெண்களின் வழியாக நெருங்குவதே ஜோ நடத்தும் ‘லயனெஸ்’ என்ற ரகசியப் படைப்பிரிவின் வேலை. கொடுமைக்காரக் காதலனிடமிருந்து தப்பி அமெரிக்க மரீன் படையில் சேர்ந்த க்ரூஸ் (லாய்ஸ்லா டி ஒலிவேரா), தீவிரவாதத்துக்குப் பணம் கொடுக்கும் செல்வந்தர் ஒருவரின் மகள் அலியாவுடன் (ஸ்டெஃபனி நூர்) பழக அனுப்பப்படுகிறாள். பயிற்சி என்ற பெயரில் சொந்தப் படையினரே அவளைக் கடத்தி, அடித்துத் துன்புறுத்துகிறார்கள். அந்தக் காயங்களைப் பார்த்து அலியா பதறும் இடத்தில்தான் தொடர் தன் உச்சத்தைத் தொடுகிறது. ஏனெனில் அந்த அக்கறையில் துளியும் பொய்யில்லை, அதைப் பெற்றுக்கொள்பவள் சொல்லும் கதைதான் பொய். விருப்பமில்லாத திருமணத்தை எதிர்நோக்கியிருக்கும் அலியாவுக்குக் கிடைத்த ஒரே உண்மையான தோழி, அவள் தந்தையைக் கொல்ல வந்தவள் என்பதைவிடக் கொடிய சூழலை இவ்வகைத் தொடர்களில் அரிதாகவே காண்கிறோம்.

நிக்கோல் கிட்மேனும் மார்கன் ஃப்ரீமேனும் இடம்பெறும் வாஷிங்டன் அறைக் காட்சிகள், அவர்களுடைய தகுதிக்கு ஈடான எழுத்தின்றி, விளக்கவுரைகளாகவே நின்றுவிடுகின்றன.

எனக்குள்ள பெரிய குறை வேறு. ஈராக் போரின்போது அமெரிக்கப் படையில் பெண் வீரர்களைக் கொண்ட ‘லயனெஸ்’ குழுக்கள் உண்மையாகவே இயங்கின. சோதனைச் சாவடிகளிலும் வீடுகளிலும் பெண்களைச் சோதனையிடுவதும் அவர்களிடம் பேசுவதுமே அவற்றின் பணி; கொலைக்காக உருவான குழுக்கள் அல்ல அவை. தரைப்போரில் நேரடியாக ஈடுபடும் பிரிவுகளில் பெண்களைச் சேர்ப்பதற்கான தடை 2013இல்தான் நீக்கப்பட்டது. அதற்கு முன்பே, விதிப்படி தங்களுக்கு இடமில்லாத சண்டைகளுக்குள் இவர்கள் சிக்கிக்கொண்டார்கள். சட்டம் ஒப்புக்கொள்ளாத போரில் நின்ற அந்தப் பெண்களின் நிலையை ஷெரிடன் தொட்டிருந்தால், க்ரூஸின் கோபத்துக்கு இன்னும் ஆழமான வேர் கிடைத்திருக்கும். அலியாவைத் தவிர, எதிர்த்தரப்பில் மனத்தில் நிற்கும் பெண்ணே இல்லாமல் போனதற்கும் இந்த விடுபடலே காரணம் என்று கருதுகிறேன்.

2024 அக்டோபரில் தொடங்கிய இரண்டாம் பருவம், மெக்சிகோ போதைக் கும்பல்களை நோக்கிக் களத்தை மாற்றுகிறது. ஹெலிகாப்டர் விமானியான ஹோசஃபீனா, இம்முறை அந்தக் கும்பலோடு தொடர்புள்ள தன் சொந்தக் குடும்பத்துக்குள்ளேயே உளவாளியாக அனுப்பப்படுகிறாள். கருவாக இது முதல் பருவத்தைவிடக் கூர்மையானது. ஆனால் அவளுக்கும் அவள் தந்தைக்கும் இடையே வளர வேண்டிய காட்சிகளின் நேரத்தைத் தாக்குதல் காட்சிகள் எடுத்துக்கொள்கின்றன. முதல் பருவத்தைத் தயங்காமல் பரிந்துரைக்கிறேன். இரண்டாவதை, ஜோவின் கதையைத் தொடர விரும்புபவர்கள் மட்டும் பார்க்கலாம். வன்முறை மிகுதி என்பதால் குழந்தைகளோடு பார்ப்பதற்கு உரியதல்ல.