ஈரோட்டில் கேசட்டுகளைக் கணினிக்கு மாற்றிய அனுபவம்

காங்கேயம் பக்கத்து எங்கள் ஊரில் அம்மிச்சி (அம்மாவின் அம்மா) பாடிய ஒப்பாரியும், கொங்கு நாட்டுப்புறக் காவியமான அண்ணன்மார் கதையின் உடுக்கைப் பாட்டும் அடங்கிய 11 கேசட்டுகளை, ஈரோட்டில் கணினிக் கோப்புகளாக மாற்றித் தரும் சிறு கடையொன்றில் கொடுத்திருந்தேன். 1965-இல் மானுடவியலாளர் பிரெண்டா பெக் இக்கதையை நாடாவில் பதிந்தது எங்கள் காங்கேயம் வட்டாரத்தில்தான்.

பூஞ்சை படிந்த நாடாவைத் துடைத்து, உடைந்த கூடுகளை மாற்றி, ஒவ்வொரு பக்கத்தையும் நிறுத்தாமல் ஓடவிட்டுப் பதிந்த பொறுமை பாராட்டத்தக்கது. ஆனால், கேட்காமலேயே இரைச்சலை நீக்கியதில் உடுக்கையின் அதிர்வும், உடனிருந்தோர் ‘ஆமா’ போட்ட குரல்களும் மங்கிப்போயின. அவையும் பாட்டின் பகுதிதானே! முறையிட்டதும், 24 பிட் என்ற உயர்தர அளவில், சுருக்கப்படாத வேவ் (WAV) ஒலிக்கோப்புகளாகக் கூடுதல் கட்டணமின்றி மீண்டும் பதிந்து தந்தார்கள். கேசட் கொடுப்பவர்கள், இரைச்சலை நீக்க வேண்டாம் என்பதை முதலிலேயே எழுதிக் கொடுத்துவிடுவது நல்லது.