நியூயார்க் டைம்ஸின் முள்: தேர்தல் இரவில் எவ்வளவு நம்பலாம்?

அமெரிக்க அதிபர் தேர்தலில் நம் தேர்தல் ஆணையம் மாதிரி மொத்த முடிவையும் சொல்ல ஓர் அமைப்பு இல்லை. நம் மாவட்டம் போன்ற கவுன்ட்டிகள் தனித்தனியே எண்ணி வெளியிடும். அன்றிரவே 'இவர் ஜெயித்தார்' என்று சொல்வது செய்தி நிறுவனங்கள்தான். அந்த இரவுக்கென்று நியூயார்க் டைம்ஸ் தளத்தில் வரும் அரைவட்ட அளவுமானியின் முள்ளுக்கு ரசிகர்களும் உண்டு, வசவும் உண்டு.

இந்த முள் எண்ணிய வாக்கைக் காட்டுவதில்லை. எண்ணி முடித்தால் யார் பக்கம் சாயும் என்ற மதிப்பீட்டைக் காட்டுகிறது. முடிவு வந்த இடங்களில் எதிர்பார்ப்புக்கும் நடந்ததற்கும் உள்ள வித்தியாசத்தைப் பார்த்து, அதே சாயலுள்ள எண்ணாத இடங்களின் கணக்கையும் திருத்துகிறது. டிவியில் ஓடும் முன்னிலைக் கணக்கைவிட இது எவ்வளவோ மேல். உதாரணத்துக்கு, பென்சில்வேனியாவில் தபால் வாக்கு உறைகளைத் தேர்தல் நாள் காலை 7 மணிக்கு முன் பிரிக்கச் சட்டம் விடாது. அதனால் 2020-இல் நேரடி வாக்குகள் முதலில் ஏறி ட்ரம்ப் வெகுதூரம் முன்னே தெரிந்தார். தபால் வாக்கு சேரச் சேர அது கரைந்துபோனது.

அந்த ஆண்டு முள் ஃபுளோரிடா, ஜார்ஜியா, வட கரோலினா மூன்றுக்கு மட்டுமே ஓடியது. தபால், நேரடி வாக்குகளைப் பிரித்துத் தரும் மாநிலங்களில்தான் கணக்கு நிற்கும் என்பதே காரணம். நல்ல முடிவு. ஜார்ஜியாவில் ட்ரம்ப் முன்னிலையில் இருந்தபோதே முள் பைடன் பக்கம் திரும்பியது. கடைசியில் வித்தியாசம் 11,779 வாக்குகள்.

2016-இல் செய்தது மட்டும் மன்னிக்க முடியாதது. நிச்சயமின்மையைக் காட்டுகிறோம் என்று முள்ளை வேண்டுமென்றே நடுங்கவிட்டார்கள். புதிய வாக்கு எதுவும் வராமலே அது ஆட, பார்த்தவர்கள் நிலவரம் மாறுவதாக நினைத்தார்கள்.

வெற்றி அறிவிப்புக்கு முள்ளை நம்பாதீர்கள், அதற்கு ஏபி (அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனம்) இருக்கிறது. 2000-இல் ஃபுளோரிடாவை நள்ளிரவுக்கு மேல் புஷ்ஷுக்குக் கொடுத்துவிட்டு டிவி நிறுவனங்கள் வாபஸ் வாங்கின. ஏபி கொடுக்கவே இல்லை. ஆனாலும் 2020-இல் அரிசோனாவை ஃபாக்ஸ் நியூஸ் டிவியும் ஏபியும் அன்றிரவே பைடனுக்கு அறிவித்தது அவசரம்தான். அறிவிப்பு சரியாகவே முடிந்தது, ஆனால் வெறும் 10,457 வாக்கு வித்தியாசத்தில்.

இந்தியாவிலிருந்து பார்ப்பவர்களுக்கு ஜார்ஜியா சாவடிகள் மூடும்போது காலை 5.30, பென்சில்வேனியாவுக்கு 6.30. முதல் ஒரு மணி நேரம் முள்ளிடம் பழைய எதிர்பார்ப்பைத் தவிர அதிகம் இருக்காது. குளித்துச் சாப்பிட்டுவிட்டு வரலாம். 2024-இல் ஏபி ட்ரம்ப்பின் வெற்றியை அறிவித்தபோது இங்கே மாலை 4.04.