கடைமடையில் கைப்பேசி: நீண்ட நாள் பயன்பாட்டு அனுபவம்

பட்டன் போனை விட்டு டச் போனுக்கு மாறியது கஜா புயல் அடித்த 2018இல். கேமரா, பேட்டரி பற்றிச் சொல்ல ஆயிரம் பேர் இருக்கிறார்கள். எந்நேரமும் தொடர்பில் இருப்பது மனத்தை என்ன செய்கிறது என்பதை மட்டும் எழுதுகிறேன்.

திருத்துறைப்பூண்டிப் பக்கத்து விவசாயி நான். காவிரித் தண்ணீர் கடைசியாக வந்து சேரும் கடைமடை எங்களுடையது. ஜூன் பிறந்தால் எங்கள் வாட்ஸ்அப் குழுக்களில் மேட்டூர் நிலவரம்தான். அணையின் முழு நீர்மட்டம் 120 அடி. இன்று எத்தனை அடி, வரத்து எத்தனை கன அடி என்று ஒரே கணக்கை நான்கைந்து குழுக்களில் பார்ப்பேன். மேட்டூரில் திறந்த தண்ணீர் கல்லணைக்கு வரவே மூன்று நான்கு நாட்களாகும். அதன் பிறகு முறை வைத்து, தூர்வாராத வாய்க்கால்களைத் தாண்டி, கடைமடைக்கு எப்போது வருமோ! ஆறு தன் நடையில் வருகிறது. மனம் மணிக்கொரு தரம் மேட்டூருக்குப் போய்த் திரும்புகிறது. நாற்றங்காலில் நாள் முழுக்கக் குனிந்து நின்றாலும் இவ்வளவு அசதி வராது.

குழுவில் வருவதில் பெரும்பகுதி காலை வணக்கப் பூக்கள். நடுவில் ஒன்று, கொள்முதல் நிலையத்துக்குச் சாக்கு வந்துவிட்டது என்றிருக்கும். அந்த ஒன்றுக்காகத்தான் கை போகிறது. உளவியலாளர் ஸ்கின்னரின் சோதனைகளில், எப்போது தீனி விழும் என்று தெரியாத புறாதான் சளைக்காமல் கொத்திக்கொண்டிருந்தது. சட்டைப்பையில் போன் இல்லாதபோதும் அதிர்வதுபோல் தோன்றுவது தனிக்கதை.

அணைத்து வைக்கவும் வழியில்லை. மகன் சிங்கப்பூரில் இருக்கிறான். அங்கே கடிகாரம் இரண்டரை மணி நேரம் முந்தி ஓடுகிறது. இரவில் 'தொந்தரவு செய்யாதே' அமைப்பைப் போடுகிறேன். குறித்து வைத்த எண்கள் மட்டும் ஒலிக்கும். வேறு யாராவது 15 நிமிடத்துக்குள் மறுபடி அழைத்தாலும் ஒலிக்கும்படி வைத்திருக்கிறேன். எனக்குத் தூக்கம் திரும்பியது இதனால்தான். வாட்ஸ்அப்பில் செய்தியைப் படித்துவிட்டதைக் காட்டும் நீல டிக்கை நிறுத்தியதில் பாதிப் பலன்தான். குழுக்களில் அது செல்லாது. "பார்த்தாயா இல்லையா என்றே தெரியவில்லையே, மாப்பிள்ளை" என்று மைத்துனர் இன்னும் முறைத்துக்கொண்டிருக்கிறார். முறைக்கட்டும்.

நீர்மட்டக் குழுக்களை ஒலியில்லாமல் ஆக்கி, மாலையில் ஒரு தரம் பார்க்கிறேன். தை, மாசியில் நெல் களத்தில் குவிந்து கிடக்கும்போது மட்டும் மழை எச்சரிக்கையைத் திறந்தே வைப்பேன். அது வந்தால் தார்ப்பாயோடு ஓடலாம்.