பங்கேற்புச் செயல் ஆய்வுப் பயிற்சி: ஆறு நாள் போய்வந்த அனுபவம்

11 வருடமாகக் கேள்வித்தாளைத் தூக்கிக்கொண்டு வீடு வீடாக ஏறி இறங்குகிறவள் நான். போன வருடம் ஒரு வீட்டு வாசலில் வயதான அம்மா ஒருவர், “ஏம்மா, போன தடவையும் இப்படித்தானே எழுதிட்டுப் போனே, அது என்னாச்சு?” என்று கேட்டார். என்னிடம் பதில் இல்லை. நான் நிரப்பிக் கொடுத்த தாள்கள் அறிக்கையாகி எங்கேயோ போயிருக்கும். அந்த அறிக்கையை நானே கண்ணால் பார்த்ததில்லை. அந்தக் கேள்வி உறுத்திக்கொண்டே இருந்ததால்தான் இந்த ஆறு நாள் பயிற்சியில் சேர்ந்தேன். ஒரு பிரச்சினையை அதை அனுபவிக்கிற மக்களே ஆராய்ந்து, கண்டுபிடித்ததை வைத்து அவர்களே செயலில் இறங்குவதுதான் பங்கேற்புச் செயல் ஆய்வு. நடத்தியவர்கள் ஒரு தொண்டு நிறுவனம். 22 பேர் வந்திருந்தோம், பாதிப் பேர் களப்பணியாளர்கள், மீதி மாணவர்கள்.

முதல் நாள் வரலாறு. அலுப்பாக இருக்கும் என்று நினைத்துத்தான் உட்கார்ந்தேன், ஆனால் நன்றாகச் சொன்னார்கள். 1946-இல் சமூக உளவியலாளர் கர்ட் லெவின் ‘செயல் ஆய்வு’ பற்றி எழுதியது, திட்டமிட்டு, செய்து பார்த்து, விளைவைக் கவனித்து, மறுபடி திட்டமிடும் அந்தச் சுழல், பிரேசிலின் கல்வியாளர் பாவ்லோ ஃப்ரெய்ரே, 1977-இல் கொலம்பியாவின் கார்த்தஹேனாவில் சமூகவியலாளர் ஓர்லாந்தோ ஃபால்ஸ் போர்தா கூட்டிய செயல் ஆய்வு மாநாடு எனக் கோவையாக வந்தது. எனக்குப் பிடித்தது அமெரிக்காவின் அப்பலாச்சியா மலைப் பகுதிக் கதை. ஆறு மாநிலங்களில் 80 மாவட்டங்கள். அங்கே குடியிருப்பவர்களே பதிவு அலுவலகங்களுக்குப் போய், நிலமும் நிலத்தடிக் கனிமமும் யார் பெயரில் இருக்கின்றன, அதற்கு எவ்வளவு வரி கட்டப்படுகிறது என்று ஏடு ஏடாகப் புரட்டி எடுத்திருக்கிறார்கள். பெரும்பகுதி வெளியில் இருப்பவர்கள் கையிலும் நிறுவனங்கள் கையிலும் இருந்தது, கனிமத்துக்கு வரி ஒன்றுமில்லாத அளவுக்குக் குறைவு. இது 1980-களின் தொடக்கத்தில் வெளிவந்தது. தேடி எடுத்தவர்களே அந்தத் தகவலை வைத்து வரிச் சீர்திருத்தம் கேட்டுக் கிளம்பினார்கள் என்று கேட்டபோது, எங்கோ போன என்னுடைய தாள்கள் ஞாபகத்துக்கு வந்தன.

அன்று மாலை, ஷெர்ரி ஆர்ன்ஸ்டீன் 1969-இல் எழுதிய பங்கேற்பு ஏணியைச் சுவரில் ஒட்டினார்கள். எட்டுப் படிகள், மேலே ஏற ஏற முடிவெடுக்கும் அதிகாரம் மக்கள் கைக்குப் போகும். அவரவர் வேலை எந்தப் படியில் இருக்கிறது என்று பார்த்து ஒரு சிவப்புப் பொட்டு வைக்க வேண்டும். கருத்துக் கேட்பு என்பது கீழிருந்து நான்காவது படி, அதை வெறும் ஒப்புக்கு நடக்கும் பங்கேற்பு என்றுதான் அவர் வகைப்படுத்தியிருக்கிறார். என் பொட்டை அதில்தான் வைத்தேன். ரொம்ப நேரம் அதையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

இரண்டாம் நாள் வகுப்பறைப் பயிற்சி, அரை நாளில் முடித்திருக்கலாம்.

மூன்றாம் நாளும் நான்காம் நாளும் களம். இந்தப் பயிற்சி தரும் நல்லது எல்லாம் இந்த இரண்டு நாளில்தான் இருக்கிறது. ஒரு குடியிருப்பில் மரத்தடியில் கூடினோம். தரையில் வண்ணப் பொடியால் தெருவை வரையச் சொன்னார்கள். கல்லூரிப் பையன் ஒருவன் முதலில் பொடியை வாங்கி மடமடவென்று நான்கு கோடு இழுத்து, நான்கு இடத்தில் கூழாங்கல் வைத்து, “நாலு குழாய், அவ்வளவுதான்” என்று எழுந்துவிட்டான். பின்னால் நின்ற ஓர் அம்மா சிரித்துவிட்டார். “தம்பி, இந்தக் கடைசிக் குழாய்ல தண்ணி வந்து எத்தனை நாளாச்சுன்னு உனக்குத் தெரியுமா? நீ பிடிக்கிறதில்லையே.” முன்னால் வந்து உட்கார்ந்து ஒரு கல்லை எடுத்துத் தூரப் போட்டார். இன்னொரு கல்லைப் பாதி மண்ணில் புதைத்தார். அதில் ராத்திரி 2 மணிக்குத்தான் வருமாம். அப்புறம் யாரும் சொல்லாமலே ஏழெட்டுப் பெண்கள் சுற்றி உட்கார்ந்துவிட்டார்கள்.

எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. “அக்கா, ஒரு வீட்டுக்கு எத்தனை லிட்டர்...” என்று ஆரம்பித்தேன். பயிற்றுநர் என் தோளில் மெதுவாகக் கை வைத்தார், அவ்வளவுதான். அவர் அந்த ஒரு மணி நேரமும் குத்துக்காலிட்டு, இரண்டு கையையும் முழங்காலுக்குள் கட்டிக்கொண்டு, கூட்டத்துக்கு வெளியே உட்கார்ந்திருந்தார். கேள்வியை அவர்களே கண்டுபிடிக்கும்வரை காத்திருப்பதும் ஒரு வேலை என்று அன்றுதான் கண்ணால் பார்த்தேன். நான் கேட்டிருந்தால் லிட்டர் கணக்கு கிடைத்திருக்கும். அவர்கள் கேட்டுக்கொண்டது வேறு: “ராத்திரி முழிச்சிருந்து தண்ணி பிடிக்கிறது யாரு?” ஒவ்வொருவராகச் சொல்லச் சொல்ல, கீழ்த்தெருவில் 11 வீடு, 11-லும் பெண்கள்தான், அதில் இரண்டு பேர் பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகள் என்று வந்தது. எந்தக் கேள்வித்தாளிலும் நான் இதைக் கேட்டதே இல்லை.

மறுநாள் அவர்களே ஒரு பதிவுத் தாள் போட்டார்கள். எழுதத் தெரியாதவர்களும் நிரப்ப வேண்டும் என்பதால் தண்ணீர் வந்தால் முழு வட்டம், கொஞ்சம் வந்தால் அரை வட்டம், வராவிட்டால் வெறும் வட்டம். நேரத்துக்குக் கடிகார முள் வரைந்துகொண்டார்கள்.

இனி குறை. பெரிய குறை ஒன்று இருக்கிறது, அதைச் சொல்லாமல் விட முடியாது. நான்காம் நாள் மாலை, தரையில் வரைந்ததைச் சார்ட் தாளில் நகல் எடுத்தோம். ஒருங்கிணைப்பாளர்கள் அதைச் சுருட்டி வண்டியில் ஏற்றிவிட்டார்கள். “அதை எங்க கொண்டு போறீங்க?” என்று அந்த அம்மா கேட்டார். “ஆபீஸ் ஃபைலுக்கு” என்றார்கள். என்னை வாசலில் நிறுத்திய அதே கேள்வி, இந்த முறை பங்கேற்பு சொல்லிக்கொடுக்க வந்தவர்களிடம்! நானும் இன்னும் மூன்று பேரும் போய்ப் பேசினோம். படம் எடுத்துக்கொண்டு அசலைத் திருப்பிக் கொடுத்தார்கள். ஆனால் இது கேட்டு நடக்க வேண்டிய காரியமா? வரைந்தவர்களிடம்தான் வரைபடம் இருக்க வேண்டும் என்பது முதல் நாளே சொல்லிக்கொடுத்திருக்க வேண்டிய பாடம்.

கூட்டத்தைக் காலை 10 மணிக்கு வைத்ததும் தப்பு. எங்களுக்கு அது வசதி. அந்த நேரத்தில் வேலைக்குப் போகிற பெண்கள் வரவே முடியாது. ராத்திரி முழிப்பவர்களில் பாதிப் பேர் அவர்கள்தான்.

ஐந்தாம், ஆறாம் நாள் தரவை அலசுவதும் அறிக்கை எழுதுவதும். ‘செயல்’ என்ற சொல் பயிற்சியின் பெயரிலேயே இருக்கிறது, ஆனால் கண்டுபிடித்த பிறகு என்ன செய்வது என்பதற்கு ஆறாம் நாள் மதியம் 40 நிமிடம்தான் கிடைத்தது. அதிகாரியிடம் யார் பேசுவது, எதிர்ப்பு வந்தால் யார் தலையில் விழும், நாம் கிளம்பிய பிறகு அங்கேயே இருக்கப்போகிறவர்களுக்கு என்ன ஆகும், இதையெல்லாம் தொடவே இல்லை. தொடர் ஆதரவும் கிடையாது.

நான் சொந்தமாக ஒரு மாதம் கழித்து அங்கே போனேன். தாள் ஐந்தாவது வாரமாக ஓடிக்கொண்டிருந்தது. வரிசையாக ஒட்டிப் பார்த்ததில், மேல்தெரு வால்வை மூடிய பிறகுதான் கீழ்த்தெருவில் முழு வட்டம் விழுகிறது என்று அவர்களே பிடித்திருந்தார்கள். வால்வு திறக்கிறவரையே கூப்பிட்டு உட்காரவைத்து அதைக் காட்டியிருக்கிறார்கள். “இதை நான் அப்பவே சொன்னேன், யாரும் கேட்கல” என்றாராம் அவர். இப்போது இரண்டு தெருவுக்கும் ஒருநாள் விட்டு ஒருநாள் மாலை 6 மணிக்கு முறை வைத்துத் திறக்கிறார். மேல்தெருவில் சிலருக்கு இன்னும் வருத்தம் இருக்கிறது, அதனால் பதிவைத் தொடர்வதாகச் சொன்னார்கள்.

சரி, போகலாமா? ஆய்வு செய்து பழகியவர்கள் கட்டாயம் போங்கள், களத்தில் அந்தப் பயிற்றுநர் உட்கார்ந்திருக்கும் விதத்தைப் பார்ப்பதற்காகவே போங்கள். ஏற்கெனவே ஒரு குடியிருப்போடு சேர்ந்து வேலையில் இறங்கி, அடுத்து என்ன செய்வது என்று முழிப்பவர்களுக்கு இதில் அவ்வளவாக ஒன்றுமில்லை. சேரும் முன் இரண்டு விஷயத்தைக் கேட்டு எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்: களக் கூட்டத்தின் நேரத்தை யார் முடிவு செய்வார்கள், வரைபடம் யாரிடம் இருக்கும்.